ஜுஹுவில் இறங்கிய ஜப்பான் விமானம்: மும்பையின் பழைய விமான நிலையங்கள் எங்கே போயின?

1972 செப்டம்பர் 24 அன்று ஜப்பான் ஏர்லைன்ஸின் டிசி-8 ஜெட் விமானம் ஒன்று பம்பாயில் தரையிறங்க வந்தது. இறங்க வேண்டிய இடம் நகரத்தின் பெரிய விமான நிலையமான சாந்தாகுரூஸ். இறங்கியதோ பக்கத்திலிருந்த சிறிய தளமான ஜுஹுவில். ஜுஹுவின் ஓடுதளம் அந்த அளவு விமானத்துக்குப் போதவே போதாது. தளம் முடிந்த பிறகும் விமானம் நிற்கவில்லை. அதைத் தாண்டி ஓடித்தான் நின்றது. நல்லவேளை, யாரும் சாகவில்லை. விமானம் மட்டும் மறுபடி பறக்கவில்லை.

இதில் வேடிக்கை என்னவென்றால், இப்படி நடந்தது அதுவே முதல் தடவை அல்ல. 1953-லேயே பிரிட்டனின் பி.ஓ.ஏ.சி. நிறுவனத்தின் காமெட் ஜெட் ஒன்று இதே போல சாந்தாகுரூஸ் என்று நினைத்து ஜுஹுவில் இறங்கியிருக்கிறது. அது தப்பித்தது, சில நாள் கழித்து அங்கிருந்தே கிளப்பிக்கொண்டு போனார்கள்.

பெரிய கம்பெனி, தேர்ந்த விமானி, பட்டப்பகல் போல விளங்கும் நகரம். பிறகு எப்படி ஏமாந்தார்கள்? பக்கத்துப் பக்கத்தில் இரண்டு விமானத் தளங்கள் எதற்கு? இந்த இரண்டு கேள்விகளையும் பிடித்துக்கொண்டு போனால், ஒரு பெருநகரத்தில் விமான நிலையங்கள் எப்படிப் பிறந்து, எப்படி வழக்கொழிகின்றன என்பது மொத்தமும் விளங்கிவிடும். விமானத்தைப் பற்றி எதுவும் தெரியாதவர்களுக்காகவே எழுதுகிறேன். தாராவியிலோ செம்பூரிலோ மாடியில் துணி காயப்போடும்போது தலைக்கு மேல் போவதைப் பார்த்திருந்தால் போதும்.

முதலில் ஓடுதளத்து எண்கள். ஓடுதளத்தின் இரண்டு முனைகளிலும் பெரிதாக எண் எழுதியிருக்கும். அது வரிசை எண் இல்லை, திசை. வடக்கிலிருந்து வலப்புறமாகச் சுற்றி அளந்தால் கிழக்கு 90 பாகை, மேற்கு 270 பாகை. கடைசி இலக்கத்தை விட்டுவிட்டால் 09, 27. சாந்தாகுரூஸின் பெரிய ஓடுதளத்துக்கு 09/27 என்று பெயர். கிழக்கே பார்த்து இறங்கினால் அது 09; மேற்கே பார்த்து இறங்கினால் அதே தளம் 27. ஜுஹுவின் பெரிய ஓடுதளம் 08/26. இரண்டுக்கும் திசையில் ஏறக்குறைய பத்து பாகைதான் வித்தியாசம். இடைவெளி சுமார் 2 கிலோமீட்டர். மேற்கே அரபிக்கடல் பக்கமிருந்து தாழ்ந்து வருகிற விமானிக்கு முதலில் கண்ணில் படுவது ஜுஹு. ஏறத்தாழ எதிர்பார்த்த திசையில், ஏறத்தாழ எதிர்பார்த்த இடத்தில் ஒரு தார்ப்பட்டை தெரிகிறது. இன்றுபோல் திரையில் வரைபடம் காட்டும் கருவிகள் இல்லாத காலம். கண்ணை நம்பி இறங்கினால் ஏமாறுவதற்கு எல்லா வசதியும் அங்கே இருந்தது.

நீளத்தைப் பார்த்தால்தான் ஆபத்து புரியும். ஜுஹுவின் பெரிய தளம் 1,143 மீட்டர். சாந்தாகுரூஸின் பெரிய தளம் இன்றைக்குச் சுமார் 3,450 மீட்டர், மூன்று மடங்கு.

சேற்றுத் திடலில் தொடங்கிய கதை

ஜுஹுவை 1928-ல் தொடங்கினார்கள். அப்போது அதற்கு விலே பார்லே ஏரோடிரோம் என்று பெயர். இந்தியாவில் ராணுவத்துக்காக இல்லாமல் பொதுப் பறத்தலுக்காக அமைந்த முதல் விமான நிலையம் என்று இதைத்தான் சொல்கிறார்கள். பம்பாய் ஃபிளையிங் கிளப் அங்கேதான் வளர்ந்தது. ஜே.ஆர்.டி. டாடா 1929 பிப்ரவரியில் விமானி உரிமம் வாங்கினார்; இந்தியாவில் வழங்கப்பட்ட முதல் உரிமம் அது.

'ஏரோடிரோம்' என்றதும் இன்றைய நிலையத்தை நினைத்துக்கொள்ளக் கூடாது. அது சமதளமான ஒரு திடல், அவ்வளவே. சிறிய விமானத்துக்கு அதற்கு மேல் தேவையும் இல்லை. 1932 அக்டோபர் 15 அன்று ஜே.ஆர்.டி. கராச்சியிலிருந்து அகமதாபாத் வழியாக ஜுஹுவுக்கு ஓட்டிவந்த பஸ் மாத் விமானம், பயணிகளுக்கு இரண்டொரு இருக்கை மட்டுமே கொண்ட, ஒற்றை எஞ்சின் பூச்சி. முழுச் சுமையோடும் ஒரு டன் எடை தேறாது. அன்று அது சுமந்தது சுமார் 25 கிலோ தபால். அகமதாபாத்தில் அதற்கு வேண்டிய பெட்ரோல் மாட்டு வண்டியில் டின் டின்னாக வந்தது.

ஏன் கராச்சி? லண்டனிலிருந்து இம்பீரியல் ஏர்வேஸ் கொண்டுவந்த தபால் அங்கே வந்து இறங்கும். தெற்கே வர வேண்டிய கடிதங்கள் அங்கிருந்து ரயிலில் நாள் கணக்கில் ஊர்ந்தன. அந்த இடைவெளியை நிரப்பத்தான் டாடாவின் தபால் விமானம். நம்மவர்கள் கவனிக்க வேண்டிய இடம் இனிமேல்தான் வருகிறது. அந்தப் பாதை பம்பாயில் முடியவில்லை. ஜுஹுவில் தபாலை வாங்கிக்கொண்டு நெவில் வின்சென்ட் என்ற விமானி பெல்லாரி வழியாக மெட்ராஸுக்குப் பறந்தார். பிரிட்டிஷ் விமானப்படையான ராயல் ஏர்ஃபோர்ஸில் இருந்தவர். இப்படி ஒரு சேவை தொடங்கலாம் என்ற யோசனையே அவருடையதுதான். ஜே.ஆர்.டி.யின் படம் போடுகிற எல்லாரும் வின்சென்டை மறந்துவிடுகிறார்கள். பம்பாய்க்கும் மெட்ராஸுக்கும் ஆகாயத் தபால் பாலம் போட்டவர் அவர். முதல் ஆண்டில் அந்தச் சேவை 155 பயணிகளையும் பத்து டன்னுக்குச் சற்று மேலான தபாலையும் சுமந்தது.

ஜுஹுவின் பலவீனம் முதல் மழையிலேயே தெரிந்துவிட்டது. அது கடலோரச் சேற்றுநிலம். ஜூனில் மழை பிடித்தால் திடல் தண்ணீருக்கடியில். மும்பை மழையைப் பார்த்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. டாடாவின் ஆட்கள் விமானங்களையும் தட்டுமுட்டுச் சாமான்களையும் தூக்கிக்கொண்டு புனாவுக்குப் போய், எரவாடா சிறைக்குப் பக்கத்திலிருந்த மைதானம் ஒன்றில் மழைக்காலத்தை ஓட்டினார்கள். ஆண்டுக்கு நான்கு மாதம் மூடிக்கிடக்கும் விமான நிலையத்தை நம்பி எந்த நகரமும் கால அட்டவணை போட முடியாது. பின்னால் தளத்துக்குக் கெட்டித் தரை போட்டார்கள் என்றாலும், கடலுக்கும் வீடுகளுக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட இடம் நீளுவதற்கு வழியில்லாமல் நின்றுவிட்டது.

விமானம் பெருத்தால் தரை நீள வேண்டும்

ஓடுதளத்தின் நீளத்தை எது முடிவு செய்கிறது? எடைதான் முதல் காரணம். கனமான விமானத்தைத் தூக்கிப்பிடிக்க இறக்கைக்கு அதிக வேகம் வேண்டும். அந்த வேகம் வரும்வரை தரையில் ஓடியாக வேண்டும். இறங்கும்போதும் இதே கதைதான், தலைகீழாக: அதிக வேகத்தில் தரை தொடுவதை நிறுத்துவதற்கு அதிக தூரம். இதற்கு மேல் வெயிலும் சேர்ந்துகொள்ளும். சூடான காற்று அடர்த்தி குறைந்தது. இறக்கைக்கும் எஞ்சினுக்கும் பிடிமானம் குறைகிறது. ஆகவே ஐரோப்பாவில் ஒரு நீளத்தில் கிளம்புகிற விமானத்துக்கு மே மாதப் பம்பாயில் இன்னும் கொஞ்சம் வேண்டும். ஓடுதளம் முடிந்த பிறகும், ஒருவேளை நிற்காமல் போனால் என்று காலி நிலம் விட வேண்டும். 1971-ல் ஏர் இந்தியா வாங்கிய போயிங் 747 முழுச் சுமையில் 300 டன்னுக்கு மேல். நாற்பதே ஆண்டுகளில் ஒரு டன்னிலிருந்து முந்நூறு டன். நகரம் அந்த வேகத்துக்கு நிலம் ஒதுக்கி வைத்திருக்கவில்லை என்று குறை சொல்லிப் பயனில்லை. யாரும் கனவு கண்டிருக்க மாட்டார்கள்.

இந்த இடைவெளியை நிரப்பியது போர். இரண்டாம் உலகப் போரின்போது ராயல் ஏர்ஃபோர்ஸ் ஜுஹுவுக்குக் கிழக்கே, ரயில் பாதையைத் தாண்டி, சாந்தாகுரூஸில் பெரிய தளத்தைப் பயன்படுத்தியது. குண்டுவீச்சு விமானங்களும் சரக்கு விமானங்களும் இறங்கத்தக்க நீளமும் உறுதியும் கொண்ட தளம். போர் முடிந்து 1946-ல் அதைப் பொது விமானப் போக்குவரத்துத் துறையிடம் ஒப்படைக்கத் தொடங்கினார்கள். ராணுவம் விட்டுப்போன இரண்டு பழைய ஹேங்கர்களையே (விமானக் கொட்டகைகளையே) பயணிகள் முனையமாக மாற்றினார்கள்; ஒன்று உள்நாட்டுக்கு, ஒன்று வெளிநாட்டுக்கு. 1948-ல் பயணிகள் விமானங்கள் ஜுஹுவை விட்டு முழுவதுமாக அங்கே போய்விட்டன.

உடனே வந்தது எதிர்பாராத கூட்டம். அதுவரை மேற்கிலிருந்து வருகிறவர்களுக்கு இந்தியாவின் ஆகாய வாசல் கராச்சி. பிரிவினையில் கராச்சி பாகிஸ்தானுக்குப் போனது. வாசல் பம்பாய்க்கு மாறியது. தொடக்கத்தில் நாளுக்கு ஆறு சேவைகள் இருந்த இடத்தில் 1949 வாக்கில் நாற்பது சேவைகள் ஆகிவிட்டன. புது முனையம் கட்டி முடிக்க 1958 ஆயிற்று.

ஆக, ஜுஹு செத்தது யாரோ மோசமாகக் கட்டியதால் அல்ல. 1932-க்கு அது போதுமானது, 1948-க்குப் போதவில்லை. விமான நிலையங்கள் பெரும்பாலும் இப்படித்தான் காலாவதி ஆகின்றன.

பட்டியலிலிருந்து போனது, மண்ணிலிருந்து போகவில்லை

'மறைந்த விமான நிலையம்' என்று சொல்லும்போது ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஜுஹு இன்றும் இருக்கிறது. டிக்கெட் வாங்கி அங்கிருந்து நீங்களும் நானும் போக முடியாது, அவ்வளவுதான். 1974-ல் பம்பாய் ஹை என்ற கடலடி எண்ணெய் வயலைக் கண்டுபிடித்தார்கள். கரையிலிருந்து சுமார் 160 கிலோமீட்டர் உள்ளே. அங்குள்ள மேடைகளுக்கு ஆட்களைக் கொண்டுபோக ஹெலிகாப்டர் வேண்டும். ஹெலிகாப்டருக்கு மூன்று கிலோமீட்டர் ஓடுதளம் எதற்கு? ஜுஹுவுக்கு மறுவாழ்வு கிடைத்தது. 1985-ல் தொடங்கிய பவன் ஹன்ஸ் நிறுவனத்துக்கும் ஜுஹு ஒரு முக்கியத் தளம். எண்ணெய் மேடையில் பதினான்கு நாள் வேலை, பதினான்கு நாள் விடுப்பு என்று போய்வருகிற தமிழ் எஞ்சினியர்களைக் கேட்டால் ஜுஹுவை நம்மைவிட நன்றாகத் தெரிந்திருக்கும்.

சாந்தாகுரூஸின் கதை வேறு மாதிரி. அங்கே நிலம் இருக்கிறது, விமானம் இருக்கிறது, பெயர்தான் போய்க்கொண்டே இருந்தது. எழுபதுகளில் வளைகுடாவில் எண்ணெய்ப் பணம் பெருகியபோது ராமநாதபுரம், தஞ்சாவூர், திருநெல்வேலிப் பக்கத்து ஆட்கள் பம்பாய் வந்துதான் விமானம் ஏறினார்கள். நம்மூரிலிருந்து நேரே போக வசதி குறைவு. தாதர் எக்ஸ்பிரஸில் வந்து, ஏஜெண்ட் கைகாட்டிய லாட்ஜில் வாரக்கணக்கில் காத்திருந்து, 'இன்றைக்கு விசா வந்துவிடும், நாளைக்கு வந்துவிடும்' என்று நாள் கடத்தியவர்கள் எத்தனையோ பேர். விசா வராமல் பணம் தீர்ந்து, தாராவியில் ஊர்க்காரர் வீட்டில் ஒண்டி, அப்படியே மும்பைக்காரராகிவிட்டவர்களும் உண்டு. விமான நிலையம் ஒரு நகரத்துக்குள் ஆட்களைக் கொண்டுவந்து சேர்க்கும் விதத்தில் இதுவும் ஒன்று.

1979 செப்டம்பரில் சாந்தாகுரூஸ் முனையத்தில் பெரும் தீ விபத்து. அவசரமாக ஏற்படுத்திய தற்காலிகப் புறப்பாட்டுக் கூடத்துக்கு 'கல்ஃப் டெர்மினல்' என்றே பெயர் விழுந்தது. யார் அதிகம் பறந்தார்கள் என்று இதிலிருந்தே தெரியும். 1981-ல் அதே வளாகத்தின் வேறொரு பக்கத்தில், சஹார் கிராமத்தையொட்டி, வெளிநாட்டு முனையம் திறந்தது. அதன் பிறகு டாக்சிக்காரர் கேட்கிற முதல் கேள்வி 'சாந்தாகுரூஸா, சஹாரா?' என்பதுதான். உள்நாடு என்றால் சாந்தாகுரூஸ், வெளிநாடு என்றால் சஹார். இரண்டும் ஒரே ஓடுதளத்தைத்தான் பயன்படுத்தின என்பது பலருக்குத் தெரியாது. 1999-ல் சத்ரபதி சிவாஜி பெயர் வைத்தார்கள். 2014-ல் சஹார் பக்கம் புதிய இரண்டாம் முனையம் வந்தது. இன்றைய இருபது வயதுக்காரர்களுக்கு டி1, டி2 தான்.

உண்மையிலேயே மறைந்த ஒன்று

என் கணக்கில் மும்பை வட்டாரத்தில் நிஜமாகவே மறைந்த விமானத் தளம் கல்யாண் பக்கத்து நெவாலி. கல்யாணிலிருந்து மலங்கட் போகிற சாலையில் இருக்கிறது. அம்பர்நாத் ஆர்டனன்ஸ் ஃபேக்டரியில் வேலை பார்த்த தமிழ்க் குடும்பங்களுக்கு அந்தப் பெயர் தெரிந்திருக்கும்.

1942-ல் ஜப்பான் படை பர்மாவைப் பிடித்த பிறகு, பிரிட்டிஷ் அரசு இந்தியா முழுவதும் அவசர அவசரமாக ஓடுதளங்கள் போட்டது. தமிழ்நாட்டிலும் போட்டது: சோழவரம், உளுந்தூர்பேட்டை, கயத்தாறு, செட்டிநாடு. சோழவரத்தில் பிறகு கார் ரேஸ் ஓட்டினார்கள். போருக்குப் பின் இவற்றில் பலவற்றுக்கு வேலையில்லாமல் போனது. நெவாலி அந்தக் கூட்டத்தைச் சேர்ந்தது. பக்கத்திலேயே போர்க்காலத்து ராணுவ முகாம் ஒன்றும் இருந்தது, கல்யாண் கேம்ப். அது பிரிவினையில் வந்த சிந்தி அகதிகளுக்குக் குடியிருப்பாகி, உல்ஹாஸ்நகர் ஆயிற்று. முகாம் ஊராகிவிட்டது. ஓடுதளம் என்ன ஆயிற்று?

அங்கேதான் சிக்கல். நெவாலியிலும் சுற்றுக் கிராமங்களிலும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஏக்கர் நிலத்தைப் போருக்காக எடுத்தார்கள். போர் முடிந்தது, விமானம் போயிற்று. விவசாயிகள் பழையபடி உழுது பயிரிட்டார்கள். நிலம் தங்களுக்குத் திரும்பிவிட்டது என்றே தலைமுறை தலைமுறையாக நினைத்திருந்தார்கள். ஆவணத்தில் அது பாதுகாப்புத் துறையின் நிலமாகவே இருந்தது. கடற்படை அதற்குச் சுற்றுச்சுவர் எழுப்பத் தொடங்கியபோது, 2017 ஜூனில் கிராமத்தார் சாலையை மறித்தார்கள், காவல்துறை வாகனங்கள் எரிந்தன, பலருக்குக் காயம். எழுபத்தைந்து ஆண்டு பழைய ஓடுதளத்துக்கு ஒரு கலவரம்.

பறப்பது நின்றால் விமான நிலையம் போய்விட்டதாக நாம் நினைக்கிறோம். நிலத்தின் மீதும் ஆகாயத்தின் மீதும் அது வைத்த பிடி அவ்வளவு லேசில் விடுவதில்லை. நெவாலியில் அந்தப் பிடி நிலத்தில். நகரத்துக்குள் அது ஆகாயத்தில் இருக்கிறது. வீடு வாங்குகிறவர்கள் பலரும் முட்டிக்கொள்வது அதில்தான்.

ஃபனல் ஜோன் என்றால் என்ன

குர்லா, காட்கோபர், விலே பார்லே, சாந்தாகுரூஸ் பக்கம் பழைய சொசைட்டிகளில் குடியிருப்பவர்கள் 'எங்கள் பில்டிங் ஃபனல் ஜோனில் இருக்கிறது, ரீடெவலப்மென்டுக்கு எவனும் வர மாட்டேன் என்கிறான்' என்று புலம்புவதைக் கேட்டிருப்பீர்கள். அது என்ன?

விமானம் செங்குத்தாக இறங்குவதில்லை. நீண்ட சாய்வில் இறங்குகிறது. அந்தச் சாய்வுக்குக் கீழே பத்திரமான இடைவெளி வேண்டும் என்பதற்காக, கண்ணுக்குத் தெரியாத ஒரு கூரையை விதி போட்டு வைத்திருக்கிறது. பெரிய ஓடுதளங்களுக்கு உலக அளவில் ஏற்றுக்கொண்ட கணக்கு இது: ஓடுதள முனைக்கு 60 மீட்டர் அப்பால் அந்தக் கூரை தரை மட்டத்தில் தொடங்கும்; முதல் 3 கிலோமீட்டருக்கு ஒவ்வொரு 50 மீட்டருக்கும் 1 மீட்டர் என்று உயரும். அதாவது 1 கிலோமீட்டர் தள்ளி 20 மீட்டர். ஒரு மாடிக்கு 3 மீட்டர் என்றால் ஆறு மாடி. தண்ணீர்த் தொட்டி, லிஃப்ட் அறை எல்லாம் சேர்த்துத்தான். 2 கிலோமீட்டரில் 40 மீட்டர். போகப்போகப் பக்கவாட்டிலும் அகலும். மேலிருந்து பார்த்தால் படுக்கவைத்த புனல் போல இருப்பதால்தான் அந்தப் பெயர்.

ஓடுதளத்தின் நேர்கோட்டில் இல்லாத வீடுகளும் முழுக்கத் தப்பிக்க முடியாது. நிலையத்தைச் சுற்றி ஏறக்குறைய 4 கிலோமீட்டர் வரைக்கும் 45 மீட்டர் உயரத்தில் தட்டையான இன்னொரு கூரை இருக்கிறது. இன்னொரு நுணுக்கம்: உயரத்தை உங்கள் வாசற்படியிலிருந்து அளப்பதில்லை, கடல் மட்டத்திலிருந்து அளக்கிறார்கள். காட்கோபர் மேற்கில் குன்றின் மேல் இருக்கும் கட்டிடத்துக்கு, பள்ளத்தில் இருக்கும் கட்டிடத்தைவிடக் குறைந்த மாடிகளே கிடைக்கும். குன்று தன் பங்கை ஏற்கெனவே எடுத்துக்கொண்டுவிட்டது.

இப்போது ரீடெவலப்மென்ட் கணக்கைப் பாருங்கள். மும்பையில் பில்டர் பழைய கட்டிடத்தை இடித்து, பழைய குடும்பங்களுக்கு இலவசமாக வீடு கொடுத்து, மேலே கூடுதலாகக் கட்டும் மாடிகளை விற்றுத்தான் லாபம் பார்க்கிறார். நான்கு மாடியை இடித்து ஆறு மாடிதான் கட்டலாம் என்றால் விற்க எதுவும் மிஞ்சாது. ஒழுகுகிற கூரையோடு அந்தக் குடும்பங்கள் அப்படியே இருக்கின்றன. ஜுஹுவில் இன்றைக்கு ஒரு பயணி விமானம்கூட இறங்காவிட்டாலும், இயங்குகிற தளம் என்பதால் அதற்கும் இந்தக் கட்டுப்பாடு உண்டு. நகரத்திலேயே விலை உயர்ந்த மண் ஜுஹு. அங்கே வொர்லி மாதிரி வானுயரக் கோபுரங்கள் அதிகம் இல்லாததற்கு 1928-ல் போட்ட திடலும் ஒரு காரணம். அங்கே குடியிருக்கும் பணக்காரர்களுக்குக் கடற்காற்று கிடைப்பதில் அந்தச் சேற்றுத் திடலுக்குப் பங்குண்டு என்று சொன்னால் கோபித்துக்கொள்வார்களோ என்னவோ.

இரண்டு ஓடுதளம் இருந்தும் ஒன்றுதான்

இவ்வளவு கட்டுப்பாட்டோடும் இன்றைய மும்பை விமான நிலையத்துக்கு ஏன் மூச்சு முட்டுகிறது? பரப்பளவு சுமார் 1,850 ஏக்கர். டெல்லிக்கு 5,000 ஏக்கருக்கு மேல், பெங்களூருக்கு 4,000. மும்பையின் நிலத்திலும் முந்நூறு ஏக்கருக்கு அருகே ஜரிமரி உள்ளிட்ட குடிசைப் பகுதிகள்; அங்கே குடியிருப்பவர்களில் நம்மவர்களும் கணிசம்.

ஓடுதளம் இரண்டு இருக்கிறதே என்பீர்கள். 09/27, 14/32. இவை ஒன்றையொன்று வெட்டிக்கொள்கின்றன. ஒன்றில் விமானம் ஓடும்போது மற்றதைப் பயன்படுத்தினால் நடுவில் மோதும். ஆகவே நடைமுறையில் ஒரு நேரத்தில் ஒன்றுதான். போதாக்குறைக்கு, 14/32-ன் தென்கிழக்கே டிராம்பே குன்றும் அணு ஆராய்ச்சி மையமும் இருக்கின்றன. முழு வீச்சில் பயன்படுத்தத் தடை. இப்படி ஒற்றை ஓடுதளத்தை வைத்துக்கொண்டு 2018 டிசம்பரில் ஒரே நாளில் 1,007 முறை விமானங்களை ஏற்றி இறக்கினார்கள். கட்டுப்பாட்டுக் கோபுரத்தில் இருப்பவர்களைக் கையெடுத்துக் கும்பிட வேண்டும். ஆனால் அதற்கு மேல் இழுத்தால் அறுந்துவிடும் என்பதும் அந்த எண்ணிலேயே தெரிகிறது.

அதனால்தான் நவி மும்பை. உல்வே குன்றை வெட்டிச் சமப்படுத்தி, உல்வே ஆற்றைத் திசைதிருப்பி, கிராமங்களை இடம் மாற்றி, 2010-ல் சுற்றுச்சூழல் அனுமதி பெற்ற திட்டம் 2025 அக்டோபர் 8 அன்று திறப்பு விழா கண்டது. டிசம்பர் 25-லிருந்து பயணிகள் விமானங்கள் பறக்கின்றன. முதல் ஓடுதளம் 3,700 மீட்டர். அதற்கு இணையாக இன்னொன்றும் திட்டத்தில் உண்டு. வெட்டிக்கொள்ளாமல், குறைந்தது 1,035 மீட்டர் இடைவெளியில் இணையாகப் போட்டால், சரியான கருவிகள் இருக்கும் பட்சத்தில் இரண்டிலும் ஒரே நேரத்தில் தனித்தனியே விமானங்கள் இறங்கலாம். சாந்தாகுரூஸில் போர்க்கால வடிவத்தை வைத்துக்கொண்டு செய்ய முடியாததை இங்கே காகிதத்திலேயே சரிசெய்துகொண்டார்கள்.

பழைய நிலையம் மூடவில்லை. ஜுஹுவிலிருந்து சாந்தாகுரூஸுக்கு ஒரேயடியாக மாறியது போல இந்த முறை மாறவில்லை. இரண்டும் சேர்ந்தே ஓடுகின்றன. பன்வேல், கார்கர், வாஷிப் பக்கம் இருப்பவர்களுக்குக் கொண்டாட்டம். சென்னைக்கோ கோயம்புத்தூருக்கோ டிக்கெட் போடும்போது 'மும்பை' என்பதை மட்டும் பார்த்துவிட்டு விடாதீர்கள். பிஓஎம் என்றிருந்தால் பழையது, என்எம்ஐ என்றிருந்தால் நவி மும்பை. ஒன்றுக்குப் போக வேண்டியவர் மற்றதில் போய் நின்றால் விமானம் போய்விடும்.

உல்வே, பன்வேல் வட்டாரத்தில் ஃபிளாட் பார்க்கிறவர்களுக்கு இன்னொரு வேலையும் இருக்கிறது. அங்கேயும் இப்போது புதிய புனல்கள் வந்துவிட்டன. இந்திய விமான நிலைய ஆணையம் பல நகரங்களுக்கு வண்ணம் தீட்டிய உயர வரைபடம் வெளியிடுகிறது. எந்தக் கட்டத்துக்கு எந்த உயரம் வரை அனுமதி என்று அதில் தெரியும். சிவப்புக் கட்டமாக இருந்தால் எவ்வளவு தாழ்வான கட்டிடத்துக்கும் ஆணையத்திடம் நேரே தடையில்லாச் சான்று வாங்க வேண்டும். பில்டர் 22 மாடி என்று பிரசுரம் நீட்டினால், அந்தச் சான்றில் கடல் மட்டத்திலிருந்து எத்தனை மீட்டர் எழுதியிருக்கிறது என்று கேளுங்கள். மனை கடல் மட்டத்துக்கு எவ்வளவு மேலே இருக்கிறதோ அதைக் கழித்துவிட்டு, மீதியை மூன்றால் வகுத்துப் பாருங்கள்.